பிரேமுக்குள் பீட்டர் தங்கராஜ்: சிவாஜிநகர்க் கடையில் ஓர் அனுபவம்

பெங்களூரு அல்சூரில், கௌதமபுரத்துப் பிள்ளைகள் கூடும் எங்கள் கால்பந்து மன்றத்தின் அறையில் பெலேயின் படம் வெகுகாலமாகத் தொங்குகிறது. எதிர்ச் சுவரில் இந்தியக் கால்பந்து அணியின் கோல்கீப்பராக இருந்த பீட்டர் தங்கராஜின் படத்தையும் வாழ்க்கைக் குறிப்பையும் ஒரே பிரேமில் மாட்டுவதென்று இந்த ஆண்டு முடிவாயிற்று. அதைச் செய்து கொடுத்த சிவாஜிநகர் பிரேம் கடையைப் பற்றியே எழுதுகிறேன். குறைகளும் சொல்ல இருப்பதால் கடையின் பெயரைத் தவிர்க்கிறேன்.

24க்கு 36 அங்குல மேட் தாள், கறுப்புச் சட்டம், முன்புறம் அக்ரிலிக் என எல்லாம் சேர்த்து 2,800 ரூபாய் ஆனது. மூலைகள் இடைவெளியின்றிப் பொருந்தியிருக்கின்றன. பந்து பட்டாலும் உடையாது என்று கண்ணாடிக்குப் பதில் அக்ரிலிக்கைப் பரிந்துரைத்தவர் கடைக்காரர்தான்; எங்கள் அறையை அவர் பார்த்ததில்லை என்றாலும் சரியாகவே கணித்துவிட்டார்.

குறை வடிவமைப்பில்தான். சட்டத்துக்குள் அடக்குவதற்காகப் படத்தின் மேற்பகுதியை வெட்டியிருந்ததால், முதல் மாதிரியில் தங்கராஜின் தூக்கிய கைகள் இரண்டும் மணிக்கட்டோடு காணாமற்போயிருந்தன. ஆறடி மூன்றங்குல உயரமுள்ள கோல்கீப்பரைக் கையில்லாமல் நிறுத்தியிருப்பதைச் சுட்டிக்காட்டியதும், மறுபேச்சில்லாமல் திருத்தினார்கள்.

அடுத்து, குறிப்பு நீளமாக இருக்கிறது, டூரண்ட் கோப்பை என்ற கால்பந்துப் போட்டியைப் பற்றிய வரியை நீக்கிவிடலாமா என்று கேட்டார்கள். நான் சம்மதிக்கவில்லை. 1935இல் ஹைதராபாத்தில் பிறந்து, ராணுவத்தில் சேர்ந்து, முன்கள ஆட்டக்காரராகத் தொடங்கிய ஒருவர் கோல் கம்பத்துக்கு இடையில் எப்படி நிலைபெற்றார் என்பதற்கு, 1955இலும் 1958இலும் அவர் ஆடிய ராணுவ அணியான மெட்ராஸ் ரெஜிமென்டல் சென்டர் வென்ற அந்தக் கோப்பைகளே விடை. 1956 மெல்போர்ன் ஒலிம்பிக்கில் நான்காம் இடம் பெற்ற அணியிலும் 1960 ரோம் அணியிலும் அவர் இடம்பெற்றார். 1958இல் ஆசியாவின் சிறந்த கோல்கீப்பராகத் தேர்வானார். 1967இல் அர்ஜுனா விருது பெற்றார். முகமதன் ஸ்போர்ட்டிங், மோகன் பகான், ஈஸ்ட் பெங்கால் என்று கொல்கத்தாவின் மூன்று பெரிய அணிகளுக்கும் ஆடினார். 1962 ஜகார்த்தா ஆசிய விளையாட்டு இறுதியாட்டத்தில் தென் கொரியாவை 2-1 என வென்றதைப் பற்றிப் பேசுவோர் கோலடித்த பி.கே. பானர்ஜியையும் ஜர்னைல் சிங்கையும் சொல்வார்கள். அன்று கோல் கம்பத்தைக் காத்தவரை அநேகமாக மறந்துவிடுவார்கள். ஆகவே இந்த 1962 இறுதியாட்ட வரியை மட்டும் தடித்த எழுத்தில் அச்சிடச் சொன்னேன், செய்தார்கள்.

தமிழ் எழுத்துருதான் பெரிய தலைவலி. தங்கராஜ் 2008இல் காலமான, ஜார்க்கண்டிலுள்ள பொக்காரோவின் பெயர், முதல் எழுத்தின் கொம்பு தனியே விலகி நிற்க, எவராலும் வாசிக்க முடியாத கோலத்தில் வந்தது. கன்னட எழுத்து பிசகின்றி அச்சாகும் கடையில் தமிழ் மட்டும் உடைவது எனக்கு வருத்தமே. கடைசியில் தமிழ் வரிகளை வீட்டில் நானே தட்டச்சு செய்து, படக் கோப்பாக மாற்றிக் கொடுத்த பிறகுதான் சரியானது.

ஏழு நாளில் தருவதாகச் சொன்னது பன்னிரண்டாம் நாள்தான் கிடைத்தது. தாமதத்துக்காக 200 ரூபாய் குறைத்துக்கொண்டார்கள். அச்சும் சட்டமும் தரமானவை என்பதால் அங்கே மறுபடியும் போவேன். தமிழில் குறிப்பு வேண்டுவோர் வரிகளைப் படக் கோப்பாகவே எடுத்துச் செல்லுங்கள். இறுதி அச்சுக்கு முன் மாதிரியைத் தாளில் கேட்டு வாங்கிப் பாருங்கள், கைப்பேசித் திரையில் கொம்பு விலகியிருப்பது எளிதில் கண்ணில் படாது.