யுவான் மூஜி: எந்தப் படத்தில் தொடங்கலாம்?

நடிப்பு, கதை, இயக்கம் என்று எதையும் விட்டுவைக்காதவர் சீனத் திரைக்கலைஞர் யுவான் மூஜி. ஷாங்காயில் அவர் இயக்கிய இரண்டு படங்களில் எதை முதலில் பார்ப்பது?

கதை
'நகரக் காட்சிகள்' (1935): ரயிலுக்குக் காத்திருக்கும் கிராமத்தார் பயாஸ்கோப் பெட்டிக்குள் ஷாங்காயைப் பார்க்கிறார்கள். பெட்டிக்காரர் யுவானேதான்!
'தெரு தேவதை' (1937): சந்துக்குள் வாழும் ஏழைகளின் காதல், சிரிப்பில் தொடங்கிக் கண்ணீரில் முடியும்.

பாட்டு
முன்னதில் இசை பெரும்பாலும் கிண்டலுக்குத்தான்; நடுவே கார்ட்டூன்கூட உண்டு.
பின்னதில் நாயகி ஜோ ஷுவான் ஜன்னலோரம் பாட, எதிர் ஜன்னலில் நாயகன் ஜாவ் டான் தந்தி வாத்தியம் இசைக்கிறார். பாடல் வரிகளும் திரையில் வரும். சீனம் தெரிந்தால் கூடவே பாடலாம்.

மனசைத் தொடும் கதை வேண்டுமென்றால் 'தெரு தேவதை'. குறும்பும் சோதனை முயற்சியும் பிடிக்குமென்றால் 'நகரக் காட்சிகள்'. என் ஓட்டு ஜோ ஷுவானுக்கு.