பல குரலா, ஒரே குரலா? காரெலும் புவாவேயும்

பிரெஞ்சு டப்பிங்கில் இரண்டு வழிகள். ஒன்று, பல பாத்திரங்களுக்குக் குரல் கொடுத்த நடிகர் ரோஜெ காரெலின் வழி; மற்றது, ஒரே நட்சத்திரத்தின் குரலாக அறியப்பட்ட நடிகர் பத்ரிக் புவாவேயின் வழி.

புவாவே என்றாலே ஹாலிவுட் நடிகர் புரூஸ் வில்லிஸ்தான். பல ஆண்டுகளாக வில்லிஸ் பிரெஞ்சில் பேசியது பெரும்பாலும் இவருடைய கரகரத்த குரலில்தான். ரசிகருக்கு முகமும் குரலும் ஒட்டிப்போய்விடும். ஆனால் நட்சத்திரம் ஓய்ந்தால் வேலையும் ஓயும்.

காரெல் பல படங்களில் துணை வேடங்களில் நடித்தவர். குரலிலோ ஆயிரம் வேடம்! 1967 முதல் 2014 வரை கார்ட்டூன் படங்களில் ஆஸ்டெரிக்ஸ் என்ற நாயகனின் குரல் அவர்தான். ஸ்டார் வார்ஸில் பதறும் தங்க ரோபோவும் தேன் தேடும் வின்னி கரடியும் அவரே.

ஸ்டுடியோவில் இருவருக்கும் ஒரே சவால். திரையின் அடியில் கையெழுத்து வசனம் வலமிருந்து இடமாக ஓடும். அங்கே நிற்கும் ஒரு செங்குத்துக் கோட்டை அந்த எழுத்து தொட்ட கணத்தில் வாயிலிருந்து வார்த்தை விழவேண்டும். உதடு மூடும் ப, ம எழுத்துகள் பிசகினால் ரசிகர் கண்டுபிடித்துவிடுவார். அந்த ஓட்டத்துக்குள் ஒவ்வொரு பாத்திரத்துக்கும் தனி மூச்சு, தனி சிரிப்பு கொடுத்தாரே காரெல், அதனால் என் மனசு அவர் பக்கம்தான்.

இருவரும் மறைந்தது 2020இல்: புவாவே ஜூனில், காரெல் செப்டம்பரில்.