குஸ்னேச்னி சந்தின் மூலைவீடு: தஸ்தயேவ்ஸ்கி அருங்காட்சியகம்

ரஷ்ய நாவலாசிரியர் தஸ்தயேவ்ஸ்கி வாழ்ந்த இந்த வீடு, செயின்ட் பீட்டர்ஸ்பர்கில் விளாதிமிர்ஸ்கயா மெட்ரோவிலிருந்து சில நிமிட நடைதான். வாசல் தெருமட்டத்துக்குக் கீழே இருக்கிறது. கதவு எண் 5/2-ஐப் பார்த்துக்கொண்டே போகாவிட்டால் தாண்டிப் போய்விடுவீர்கள். திங்கள் விடுமுறை. புதனன்று மதியத்துக்கு மேல்தான் திறப்பார்கள்.

முதலில் ஒரு எச்சரிக்கை. மேசை, நாற்காலி, சோபா எல்லாம் அவர் தொட்டவை என்று நினைத்துப் போக வேண்டாம். புரட்சிக்குப் பிறகு இது பல குடும்பங்கள் பங்கிட்டு வாழ்ந்த குடியிருப்பு, 1971-இல்தான் அருங்காட்சியகமானது. மனைவி அன்னாவின் நினைவுக்குறிப்புகளையும் படிப்பறையின் பழைய புகைப்படத்தையும் வைத்து அறைகளை மீட்டெடுத்திருக்கிறார்கள். அவருடைய சொந்தப் பொருள்கள் கொஞ்சம்தான்: கண்ணாடிக்குள் ஒரு தொப்பி, ஒரு சிகரெட் பெட்டி. அந்தப் பெட்டியில் அப்பா இறந்த சேதியை மகள் லியுபோவ் தன் கையால் எழுதியிருக்கிறாள். அப்போது அவளுக்கு 11 வயது.

1878 மே மாதம் வலிப்பு வந்து மகன் அல்யோஷா இறந்தான், மூன்று வயதுகூட நிரம்பவில்லை. நோய் தன்னிடமிருந்து போனது என்பது தகப்பனை அரித்தது. ஜூனில் ஆப்தினா மடத்துக்குப் போய் அங்கிருந்த துறவி, பெரியவர் அம்ப்ரோசியைப் பார்த்தார். அக்டோபரில் குடும்பம் இங்கே குடிவந்தது. 'கரமாசவ் சகோதரர்கள்' நாவலின் பல பகுதிகள் இந்தப் படிப்பறையில், இரவுகளில், கடுந்தேநீரோடு எழுதப்பட்டன. அதில் மகனை இழந்த தாய்க்குத் துறவி சோசிமா சொல்லும் ஆறுதல் அம்ப்ரோசி சொன்னதுதான். குழந்தைகளின் கண்ணீரை முன்வைத்துக் கடவுளின் உலகத்துக்கான நுழைவுச்சீட்டையே சகோதரர்களில் ஒருவனான இவான் திருப்பிக் கொடுப்பதும் இதே நாவலில்தான். இந்த இரண்டு பகுதிகளை மட்டுமாவது படித்துவிட்டு வாருங்கள். குழந்தைகள் அறைக்கும் படிப்பறைக்கும் இடையே நடக்கும்போது, ஒரே துக்கம் விசுவாசமாகவும் மறுப்பாகவும் பிரிந்தது பிடிபடும். படிக்காமல் வந்தால் வெறும் பழைய வீடுதான்.

வாழ்க்கையையும் நூல்களையும் பற்றிய தனிக்கூடம் சுமார்தான். 1849-இல் அவரைச் சுடுவதற்கு நிறுத்திவைத்துக் கடைசி நொடியில் தண்டனையை மாற்றியது, ஓம்ஸ்க் சிறையின் நான்கு ஆண்டுகள் இவற்றை ஏற்கெனவே அறிந்தவர்களுக்குத்தான் அது பேசும். ரஷ்ய மொழி தெரியாதவர்கள் ஒலி வழிகாட்டி இல்லாமல் நுழைய வேண்டாம். 'குற்றமும் தண்டனையும்' நாவலின் நாயகன் ரஸ்கோல்னிக்கவ் நடந்த தெருக்களை இங்கே தேடுவதும் வீண். அவை சென்னயா சதுக்கத்தின் பக்கம்.

தஸ்தயேவ்ஸ்கியின் கல்லறையையும் பார்க்க நினைத்தால் தஸ்தயேவ்ஸ்கயா நிலையத்திலிருந்து மெட்ரோவில் இரண்டாவது நிறுத்தம், அலெக்சாண்டர் நெவ்ஸ்கி சதுக்கம். அங்குள்ள திக்வின் கல்லறைத் தோட்டத்துக்குத் தனிச்சீட்டு வாங்க வேண்டும்.