மோரிப் சேற்றில் ஆறு வருடம்: சிப்பிக் கையேடுகள் தாங்கியதும் தாங்காததும்

சிப்பிக் கையேடு வாங்கப் போகிறவர்கள் எந்தப் பக்கத்தையாவது திறந்து, இரட்டை ஓட்டுச் சிப்பிகளுக்கு உட்புறப் படம் போட்டிருக்கிறார்களா என்று முதலில் பாருங்கள். இல்லையென்றால் நூலை இருந்த இடத்திலேயே வைத்துவிடலாம். மலேசியாவின் சிலாங்கூர் மாநிலத்தில், பந்திங் வட்டாரத்தில் ஆறு வருடம் கையேடுகளைப் புழங்கியதில் கிடைத்த பாதிச் செய்தி இதுதான்.

புழங்கியவை நான்கு. இந்தோ-பசிபிக் கடற்சிப்பிகளுக்கான கனத்த நூல், தீபகற்ப மலேசியப் பறவைகளுக்கான சட்டைப்பை நூல், தமிழ்நாட்டிலிருந்து வந்த பாம்பு நூல், லேமினேட் செய்த மடிப்புத் தாள் ஒன்று. கூடவே கைப்பேசிச் செயலிகள். மோரிப், கேலானாங் சேற்றுக்கரை, அதை ஒட்டிய கண்டல் காடு, பின்னால் கண்ணுக்கு எட்டிய தூரம் செம்பனை (எண்ணெய்ப் பனை). இவைதான் சோதனைக் களம்.

பாசார் மாலாம் என்ற இரவுச் சந்தையில் கிலோக் கணக்கில் விற்கும் கேராங் சிப்பியையே எடுத்துக்கொள்வோம். படத்தோடு ஒப்பிட்டால் அதன் உறவுக்கார இனங்கள் எல்லாமே கேராங் போலத்தான் தெரியும். வெள்ளை ஓடு, விசிறிபோல் விரியும் மேட்டு வரிகள். கனத்த நூல் இங்கே உதவியதற்குக் காரணம், வரியை எண்ணச் சொன்னது. கேராங்குக்கு 15 முதல் 20 வரி. ஒவ்வொரு வரியிலும் மணி கோத்ததுபோல் முண்டு முண்டாக இருக்கும். மயிர் மூடியிருக்கும் கேராங் பூலுவுக்கு வரிகள் முப்பதைத் தாண்டும், நெருக்கமாகவும் இருக்கும். எண்ணும்போது உச்சியிலிருந்து தொடங்கினால் வரிகள் ஒன்றில் ஒன்று மறைந்து தப்பாகும். விளிம்பில் எண்ணுங்கள், ஐந்து வரிக்கு ஒரு பென்சில் புள்ளி வைத்தால் குழப்பம் வராது. மயிரை மட்டும் நம்ப வேண்டாம். அலையில் நாலு நாள் உருண்டால் அது போய்விடும்.

இப்போது அதே ஓட்டைத் திருப்பி, வெளிச்சத்துக்குச் சாய்த்துப் பிடியுங்கள். இரண்டு பக்கமும் தசை ஒட்டியிருந்த தழும்பு; இரண்டையும் இணைத்து விளிம்போரமாக ஓடும் ஒரு மங்கலான கோடு. கேராங்கில் இந்தக் கோடு வளைவு கெடாமல் போகும். சந்தையில் லாலா என்று விற்கும் சிப்பியில் பின்பக்கம் உள்ளே மடங்கி ஒரு நாக்குப்போல் குடைந்திருக்கும். தண்ணீர் உறிஞ்சும் குழாயை உள்ளே இழுத்துக்கொள்ள அந்த இடம் தேவை. குடைவு ஆழமானால் குழாய் நீளம், குழாய் நீளமானால் சிப்பி மண்ணுக்குள் ஆழமாக வாழ்வது. கேராங்குக்குக் குழாயே கிடையாது. அதனால் சேற்றின் மேல்தட்டிலேயே கிடக்கிறது. வெளிப்புறம் தேய்ந்து வெளிறிப்போன ஓட்டிலும் இந்தக் கோடு பெரும்பாலும் மிஞ்சியிருக்கும். கரையில் நமக்குக் கிடைப்பதெல்லாம் தேய்ந்த ஓடுகள்தானே. அதனால்தான் உட்புறப் படம் இல்லாத நூல் பாதி நூல்.

சுருள் நத்தைகளில் வேறு வகைத் தகராறு. நூலில் எல்லாப் படமும் கூர்நுனி மேலே, வாய் நம்மைப் பார்த்தபடி இருக்கும். கையில் இருப்பதையும் அப்படிப் பிடித்தால் ஏறக்குறைய எல்லா இனத்துக்கும் வாய் வலப்பக்கம் வரும். இடப்பக்கம் வந்தால் அதுவே பெரிய அடையாளம். நம் ஆட்களுக்கு இங்கேதான் தலை சுற்றும். சங்கை நாம் பூசையில் கூர்நுனியை மேலே வைத்துப் பார்ப்பதில்லை, தலைகீழாகப் பிடிக்கிறோம். ஆகவே நாம் வலம்புரி என்பதைச் சிப்பி நூல் இடஞ்சுழி என்று எழுதும். இரண்டும் சரிதான், பிடிக்கும் முறைதான் வேறு.

பூசைச் சாமான் கடைகளில் வலம்புரி என்று விலை சொல்லப்படும் ஓடுகளில், அமெரிக்கக் கரையில் வளரும் வேறொரு நத்தையின் ஓடும் கலந்து வருவதுண்டு. அந்த இனத்துக்கு இடஞ்சுழி இயல்பு. அங்கே அது அபூர்வமே இல்லை. பிரித்துப் பார்க்க விரல் போதும். வாய்க்குள் நடுத்தண்டைத் தடவுங்கள். மன்னார் வளைகுடாச் சங்கு என்றால் திருகாணியின் மரைபோல் மூன்று நான்கு தடித்த மடிப்புகள் இடறும். அமெரிக்க ஓட்டில் அந்த இடம் வழுவழுவென்று இருக்கும். கனத்த நூல் இந்த மடிப்பைத் தனிப் படமாகவே போட்டிருந்தது. மடிப்புத் தாளில் சங்கின் முதுகு மட்டும்தான்.

கண்டல் காட்டு சீபுட் செடுட் நத்தையின் வளர்ந்த ஓட்டில் கூர்நுனி இருக்காது, மொட்டையாக நிற்கும். புதிதாகப் பார்ப்பவர்கள் உடைந்த ஓடு என்று தூக்கிப் போட்டுவிட்டு முழு ஓடு தேடுவார்கள். மொட்டை நுனிதான் அடையாளம். நிலா நத்தைகளில் வாயை அடைக்கும் மூடி முக்கியம்: ஒரு கூட்டத்துக்குச் சுண்ணாம்புபோல் கெட்டியான வெள்ளை மூடி, இன்னொன்றுக்கு நகம்போல் வளையும் பழுப்பு மூடி. செத்த ஓட்டில் மூடி விழுந்துவிடும் என்பதால் இந்தக் குறிப்பு பாதி நேரம் பயன்படாது. ஆனால் அவை இருக்கும் கரையைக் கண்டுபிடிக்க எளிய வழி உண்டு. மற்றச் சிப்பிகளின் ஓட்டில் உச்சிக்குப் பக்கத்தில், ஓரம் சரிவாகக் கடைந்ததுபோல் வட்டமான ஒரு ஓட்டை இருக்கும். நிலா நத்தை துளைத்துத் தின்ற தடம் அது.

கனத்த நூலின் பெரிய குறை அளவு. 2 செ.மீ. ஓடும் 12 செ.மீ. ஓடும் பக்கத்தில் ஒரே பருமனாக அச்சாகியிருக்கும். படத்துக்குக் கீழே பொடி எழுத்தில் உள்ள மில்லிமீட்டரைப் படிக்காமல் பெயர் சொன்னால் தப்பாகத்தான் முடியும். ஒரு வெர்னியர் அளவி, பத்து மடங்கு லென்ஸ், இந்த இரண்டும் இல்லாமல் நூலைத் திறப்பதில் பயனில்லை. லென்ஸைக் கண்ணோடு ஒட்டி வைத்துக்கொண்டு ஓட்டைத்தான் கிட்டே கொண்டுவர வேண்டும். பலர் லென்ஸை ஓட்டின் மேல் பிடித்துக்கொண்டு ஒன்றும் தெரியவில்லை என்பார்கள்.

பெயர்களைப் பற்றி ஒரு வார்த்தை. மீன் சந்தைப் பெயரை வைத்து அட்டவணையில் தேடாதீர்கள். லாலா என்ற ஒரே சொல்லில் பல இனங்கள் போகின்றன. அறிவியல் பெயரும் நிலையானதில்லை. பழைய நூல்களில் கேராங் அனடாரா கிரானோசா. இப்போது தெகில்லார்க்கா கிரானோசா. இங்குள்ள ரெட்டிகுலேட்டட் மலைப்பாம்பும் பைத்தானிலிருந்து மலாயோபைத்தானுக்கு மாறிவிட்டது. சிப்பி, நத்தைப் பெயர்களுக்கான மொல்லஸ்காபேஸ் தளத்தில் பழைய பெயரைத் தட்டினால் புதியது வரும். அதை நூலின் பின் அட்டவணை ஓரத்தில் பென்சிலால் எழுதிவிட்டால் போதும், இதற்காகப் புதுப் பதிப்பு வாங்க வேண்டியதில்லை.

பாம்பு நூலைப் பற்றிக் கறாராகவே சொல்ல வேண்டும்: செம்பனைத் தோட்டத்துக்கு அது ஆபத்து. தமிழ்நாட்டு நாகத்துக்கு விரித்த படத்தின் பின்புறம் மூக்குக்கண்ணாடிக் குறி உண்டு. சிலாங்கூர் தோட்டங்களில் எலிக்காக வரும் நாகம் வேறு இனம். வளர்ந்ததும் பெரும்பாலும் முழுக் கறுப்பு, படத்தில் குறியே இருக்காது. குறி இல்லை, சாரைப்பாம்பு என்று முடிவு கட்டிக் கிட்டே போனால் என்னாகும்? இது விஷத்தைக் கண்ணுக்குக் குறிவைத்துத் துப்பக்கூடியது. பட்டால் கண்ணைக் கசக்காமல் தண்ணீரை ஊற்றிக் கழுவிக்கொண்டே மருத்துவமனைக்குப் போக வேண்டும். அந்த நூலில் இந்த எச்சரிக்கை இல்லை. அதன் மேல் தப்புமில்லை, அது எழுதப்பட்ட மண் வேறு. பாம்புக்கு மட்டும் மலேசியாவுக்கென்று எழுதியதைத் தவிர வேறு எதையும் வாங்காதீர்கள்.

பறவை நூலில் குறை குறைவு. புகைப்படத்தைவிட வரைபடம் போட்ட நூல் நல்லது. எல்லாப் பறவையும் ஒரே கோணத்தில் நிற்கும், கவனிக்க வேண்டிய இடத்தைக் கோடு போட்டுக் காட்டியிருப்பார்கள். 1934இல் அமெரிக்கப் பறவை நூலாசிரியர் ரோஜர் டோரி பீட்டர்சன் பரப்பிய முறை இது. தோட்டக் குடியிருப்பான லயத்து முற்றத்தில் சேர்ந்தே மேயும் இரண்டு மைனாக்களைப் பிரிக்க அந்தக் கோடு ஒன்றே போதும்: கண்ணைச் சுற்றி மஞ்சள் தோல், பழுப்பு உடம்பு என்றால் நாட்டு மைனா, மஞ்சள் தோல் இல்லாமல் கருஞ்சாம்பல் உடம்பு என்றால் ஜாவா மைனா.

செயலிகளில் ஐநேச்சுரலிஸ்ட் பறவைக்கும் வண்ணத்துப்பூச்சிக்கும் கெட்டி, சிப்பிக்குச் சுமார். அது பார்ப்பது படத்தைத்தான். முதுகுப் படம் ஒன்றை மட்டும் கொடுத்தால் வாய்க்கு வந்ததைச் சொல்லும். சுருள் ஓட்டுக்கு வாய், முதுகு, நுனி; இரட்டை ஓட்டுக்கு வெளி, உள், மூட்டுப் பல் என்று மும்மூன்று படம் எடுத்து, பக்கத்தில் 20 சென் நாணயத்தை வையுங்கள். 2012 முதல் வரும் புதிய நாணயத்தின் விட்டம் 20.6 மி.மீ. ஈர ஓட்டில் நிறம் கூடுதலாகத் தெரியும். துடைத்துவிட்டு எடுப்பது நல்லது.

இனி நூல்களின் உடம்பு. பசை போட்டு ஒட்டிய முதுகு நம் வெக்கையில் இரண்டாம் வருடமே வெடித்து, படப்பக்கங்கள் கழன்று வந்தன. நூலால் தைத்த பறவை நூல் இன்னும் கட்டுக் குலையவில்லை. வாங்கும்போது முதுகின் மேல்முனையைப் பாருங்கள். தாள்கள் மடிப்பு மடிப்பாகத் தெரிந்தால் தையல். பளபளப்புத் தாள் நனைந்து காய்ந்தால் பக்கங்கள் கல்போல் ஒட்டிக்கொள்ளும், பிறகு பிரிக்கவே முடியாது. ஈரமாக இருக்கும்போதே பக்கத்துக்குப் பக்கம் பட்டர் பேப்பர் செருக வேண்டும். அன்றைக்கு நேரமில்லை என்றால் பிளாஸ்டிக் பையில் கட்டி ஃபிரீசரில் வைத்து, விடுமுறையில் எடுத்துப் பிரிக்கலாம். கடல் தண்ணீர் பட்டிருந்தால் முதலில் நல்ல தண்ணீரில் நனைத்துப் பிழிந்த துணியால் ஒற்றி எடுங்கள். உப்பு தங்கிய தாள் காற்றின் ஈரத்தை இழுத்துக்கொண்டே இருக்கும்.

கடைசியில் நிலைத்த ஏற்பாடு இதுதான்: கனத்த நூல் வீட்டை விட்டு வெளியே போவதில்லை. அந்தக் கரைக்கு வேண்டிய பத்துப் பன்னிரண்டு பக்கங்களின் நகல் மட்டும் ஜிப் பையில் போகும். அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிய நாள்களில் தண்ணீர் வெகுதூரம் வற்றும். கிள்ளான் துறைமுக அலை அட்டவணையில் வற்றும் நேரத்துக்கு ஒன்றரை மணி முன்பு இறங்கி, வற்றி முடிந்ததும் திரும்பிவிட வேண்டும். அடுத்த நாளுக்குச் சுமார் 50 நிமிடம் கூட்டிக்கொள்ளுங்கள். எடுப்பது காலி ஓடு மட்டும். உள்ளே நத்தையோ துறவி நண்டோ இருந்தால் கிடந்த இடத்திலேயே விடுங்கள். மரைன் பார்க் தீவுகளில் காலி ஓட்டைக்கூடத் தொடாமல் வருவதே வழி.

மடிப்புத் தாளை வாங்கியது வீண் என்றுதான் முதல் வருடம் தோன்றியது. இப்போது அதன் வெற்று முதுகில் தேதி, இடம், மண்ணா சேறா என்று எழுதி, வீட்டுக்கு வந்ததும் குறிப்பேட்டில் ஏற்றிவிட்டு ஈரத்துணியால் துடைக்கிறோம். நான்கிலும் ஒரு கறைகூடப் படாமல் இருப்பது அது ஒன்றுதான்.