எக்ஸ்காம்: எனிமி அன்னோன் – சுடுவது பெரிய விஷயமில்லை, உயிரோடு பிடிப்பதுதான் ஆட்டம்

பூமியைத் தாக்க வரும் வேற்றுக்கிரகவாசிகளை ஒரு சின்னச் சிப்பாய் அணியை வைத்து, டர்ன் டர்னாக, அதாவது நம் முறை எதிரி முறை என்று மாறி மாறி எதிர்க்கும் கணினி ஆட்டம் இது. இந்த ஆட்டத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் 95 சதவீதம் படும் என்று காட்டிய குறி தவறியதையும், பார்த்துப் பார்த்து வளர்த்த சிப்பாய் ஒரே டர்னில் செத்ததையும் சொல்லித்தான் புலம்புவார்கள். அதெல்லாம் உண்மைதான். ஆனால் எனக்கு இதில் பிடித்துப்போனது வேறொன்று. எதிரியைக் கொல்லாமல் மயக்கிப் பிடித்துக் கொண்டுவரும் வேலை இருக்கிறதே, அதற்காகவே இதை மறுபடி மறுபடி முதலிலிருந்து ஆரம்பிக்கிறேன், பாதிக்கு மேல் சலித்துப் போனாலும் விடுவதில்லை.

ஃபிராக்ஸிஸ் செய்து 2கே வெளியிட்டது, 2012 அக்டோபரில் வந்தது. பழைய ஆட்டம் என்பதால் நல்ல லாப்டாப் இல்லாதவர்களுக்கும் ஓடும். ராமேஸ்வரம் பக்கத்து மீனவ ஊரான எங்கள் மண்டபத்துக்கு இது ஏன் பொருந்துகிறது என்றால், ஒன்று, 20 ஜிபி வரை இடம் பிடிக்கும் அந்த டவுன்லோடை எப்படியோ முடித்துவிட்டால் அப்புறம் ஒற்றை ஆள் ஆட்டத்துக்கு நெட் தேவையில்லை. இரண்டு, டர்ன் முறை ஆட்டம், அதனால் நடுவில் கடைக்குப் போகச் சொன்னாலும் போய்விட்டு வரலாம், எதிரி உங்களுக்காகக் காத்துக்கொண்டே இருப்பான். காற்றுக் காலத்தில் கரண்ட் போனாலும் ஆட்டம் தானாகவே சேவ் செய்து வைத்த இடத்திலிருந்து தொடரலாம். ஏப்ரல் 15-லிருந்து ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம், விசைப்படகெல்லாம் கட்டிக் கிடக்கும், வீட்டுக்கு வீடு பையன்கள் சும்மா இருப்பார்கள். எங்கள் வீட்டில் மச்சானும் நானும் ஒரே லாப்டாப்பில் மாற்றி மாற்றி ஆடுவோம், பின்னால் நின்று யோசனை சொல்ல ஒரு கூட்டம் வேறு.

சிப்பாய்களின் பெயரை மாற்றிக்கொள்ளலாம். தூரத்திலிருந்து குறிபார்த்துச் சுடும் எங்கள் ஸ்னைப்பருக்குப் பெயர் சம்மாட்டி, படகு முதலாளியை எங்கள் பக்கம் அப்படித்தான் சொல்வோம். மொட்டை மாடியில் ஏறி உட்கார்ந்துகொண்டு மற்றவர்களை வேலை வாங்குவதால் அந்தப் பெயர்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். பிடிப்பதற்குத் தேவையான கருவி ஆர்க் த்ரோவர். ஜீனோ பயாலஜி என்ற ஆராய்ச்சியை முடித்தால்தான் அது கிடைக்கும். பிடித்ததை அடைத்து வைக்க நிலத்தடி முகாமில் ஏலியன் கன்டெய்ன்மென்ட் என்று ஓர் அறை கட்ட வேண்டும், அந்த அறை காசையும் கேட்கும், மின்சாரத்தையும் கேட்கும். ஆர்க் த்ரோவரைத் தூக்குகிற சிப்பாய்க்கு சாமான் வைக்கும் பை இடம் போய்விடும், அதாவது கையெறி குண்டோ மருந்துப் பெட்டியோ எடுத்துப்போக முடியாது. தொடக்கத்தில் அணியில் நாலே பேர்தான். அந்த நாலில் ஒருத்தனிடம் குண்டு இல்லை என்றால் அது சின்ன இழப்பில்லை.

அப்புறம்தான் உண்மையான சிக்கல். எதிரியின் ஹெல்த் குறையக் குறையத்தான் மயக்கம் பலிக்கும் வாய்ப்பு கூடும். ஆகவே அவனை அடிக்கவும் வேண்டும், கொன்றுவிடவும் கூடாது. அதுவரை பெருமையாக வைத்திருந்த பெரிய துப்பாக்கியெல்லாம் இங்கே இடைஞ்சல், மதிப்பே இல்லாத கைத்துப்பாக்கிதான் கைகொடுக்கும். ஹெவி வகை சிப்பாய்க்கு அந்தக் கைத்துப்பாக்கியும் கிடையாது, ராக்கெட்தான் இருக்கிறது, அதை வைத்துக்கொண்டு யாரை உயிரோடு பிடிப்பது? ஆனால் அதே ஹெவிக்கு சப்ரஷன் என்று ஒரு திறமை உண்டு, குண்டு மழை பொழிந்து எதிரியின் குறியைக் கெடுத்து, நகர்ந்தால் அடி விழும்படி செய்வான். ஸ்னைப்பரின் டிஸேபிளிங் ஷாட் எதிரியின் துப்பாக்கியைச் சிக்க வைத்துவிடும், ரீலோடு செய்கிற வரைக்கும் அவனால் அதைச் சுட முடியாது. அந்த ஒரு டர்ன் இடைவெளியில் ஆர்க் த்ரோவர்காரன் மறைவை விட்டு வெளியே வந்து பக்கத்தில் ஓட வேண்டும். தூரத்திலிருந்து மயக்க முடியாது, கிட்டத்தட்ட முகத்துக்கு நேரே போய் நிற்க வேண்டும்.

இத்தனை பாடு எதற்கு என்று கேட்டால், காரணம் இருக்கிறது. எதிரியைக் கொன்றால் அவன் கையிலிருக்கும் ஆயுதம் சிதறி வெறும் துண்டுகள்தான் மிஞ்சும். உயிரோடு பிடித்தால் துப்பாக்கி முழுசாகக் கிடைக்கும். தின் மேன் என்ற எதிரி வகையில் ஒருவனைப் பிடித்தால் லைட் பிளாஸ்மா ரைஃபிள் என்ற துப்பாக்கி, ஆராய்ச்சி முடிந்ததும் அப்படியே நம் ஆள் கையில் கொடுத்துவிடலாம், எலீரியம், அலாய் என்ற அரிய பொருள்களைச் செலவழித்துப் புதிதாகச் செய்ய வேண்டியதில்லை. பாம்பன், மண்டபம் பக்கம் நண்டு எடுக்கும் இடத்தில் நின்றவர்களுக்கு இந்தக் கணக்கு உடனே பிடிபடும்: சேற்று நண்டு கொடுக்கு ஒடியாமல், கட்டிய கயிறோடு கண்ணை உருட்டிக்கொண்டு வந்தால் ஒரு விலை, செத்துவிட்டால் கேட்க ஆளில்லை. போதாததற்கு விசாரணை முடிந்தால் சில ஆராய்ச்சிகள் வேகமாக முடியும், செக்டாய்டு என்ற எதிரி வகையை விசாரித்தால் பீம் ஆயுதங்களுக்கான ஆராய்ச்சி நேரம் குறையும்.

எனக்கு மிகவும் பிடித்தது மியூட்டான் என்ற எதிரி வகையில் முதல் ஆளைப் பிடிக்கும் கட்டம். பச்சைக் கவசம் போட்ட தடியன், கையில் பிளாஸ்மா ரைஃபிள், இடுப்பில் குண்டு. ஒருமுறை இப்படி நடந்தது. அவன் ஒரு காருக்குப் பின்னால் பதுங்கியிருக்கிறான். சம்மாட்டி மேலேயிருந்து அடித்ததில் அவன் ஹெல்த் பாதி போய்விட்டது. அடுத்து மச்சான் கைத்துப்பாக்கியால் தட்டினான், அடி பட்டது, பட்டதும் மியூட்டான் ஒரு கர்ஜனை போட்டான் பாருங்கள், அடித்த சிப்பாயே மிரண்டு போய்த் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டான். அடிபட்ட மியூட்டான் எதிராளியைப் பயமுறுத்துவது அந்த இனத்தின் தனிக்குணம். இதற்கிடையில் அந்தக் கார் வேறு தீப்பிடித்துவிட்டது. இந்த ஆட்டத்தில் எரிகிற கார் கொஞ்ச நேரத்தில் வெடிக்கும், வெடித்தால் நாம் இவ்வளவு நேரம் பதமாக அடித்து வைத்த சரக்கு கரிக்கட்டை. ஆக இந்த டர்னிலேயே முடித்தாக வேண்டும். எரிகிற காருக்குப் பக்கத்தில் நம் ஆளை ஓடவிட்டு, பலிக்கும் வாய்ப்பு 70 சதவீதம் என்று திரையில் காட்டுகிற பொத்தானை அழுத்தும்போது வீட்டில் யாரும் மூச்சு விடவில்லை. விழுந்தான். மச்சான் போட்ட சத்தத்தில் அத்தை அடுப்பங்கரையிலிருந்து ஓடி வந்துவிட்டார்.

எல்லா எதிரியையும் இப்படிப் பிடிக்க முடியாது. கிரிசலிட் என்ற வகையைப் பிடிக்க வழியில்லை, அதைக் கண்டால் யோசிக்காமல் சுட்டுத் தள்ளுங்கள். செக்டாய்டுகளில் ஒரு வினோதம் உண்டு. ஒன்று இன்னொன்றோடு மனசை இணைத்துப் பலம் கொடுக்கும், கொடுக்கிறவன் செத்தால் வாங்குகிறவனும் கூடவே செத்துவிடுவான். பிடிக்க வேண்டும் என்று ஒருவனைக் குறிவைத்திருக்கும்போது, தூரத்தில் ஒளிந்திருக்கும் அவன் கூட்டாளியை நம் ஆள் ஓவர்வாட்சில், அதாவது எதிரி நகர்ந்ததும் தானாகச் சுடும் நிலையில், கொன்றுவிட்டால் திட்டம் காலி. முகாமின் ஆராய்ச்சித் தலைவி, மரியாதைக்குரிய டாக்டர் வாலன் அம்மையாரும் விடமாட்டார், குண்டு போட்டு எதிரியைக் கொன்றால் சாமான்கள் பாழாகிவிட்டன என்று காதுக்குள்ளேயே வந்து கண்டிப்பார். சிப்பாய் சாகிற நிலைமையில் இந்த அறிவுரை எரிச்சலைத்தான் கிளப்பும்.

விசாரணைக் காட்சி எனக்குப் பிடிக்கவில்லை. சுருக்கமாகத்தான் காட்டுகிறார்கள், ஆனால் கைதி அதிலிருந்து பிழைப்பதில்லை, கடைசியில் உங்கள் கணக்கில் ஒரு சடலம் கூடும். எல்லை தாண்டினாய் என்று பிடித்துப்போய் யாழ்ப்பாணச் சிறையில் இருந்துவிட்டு வந்தவர்கள் எங்கள் தெருவிலேயே இருக்கிறார்கள். அப்படி வந்த ஒரு மாமா பின்னால் நின்று அந்தக் காட்சியைப் பார்த்துவிட்டு, "அவன்ட்ட என்னப்பா கேக்குறாய்ங்க? சாப்பாடாச்சும் குடுப்பாய்ங்களா?" என்றார். மச்சான் சிரித்தான். எனக்கு அடுத்த கைதியை உள்ளே அனுப்பக் கொஞ்சம் கை வரவில்லை. ஆனால் அனுப்பாமல் இருக்கவும் முடியாது, ஏனென்றால் கதை நகர்வதே இதில்தான். உயிரோடு ஒருவனைப் பிடித்து விசாரித்து, அப்புறம் பறக்கும் தட்டுக்குள் இருக்கும் அவுட்சைடர் என்ற படிக உடம்புக்காரனையும் மயக்கினால்தான் எதிரியின் தளத்துக்குள் நுழையும் சாவி கிடைக்கும்.

பெரிய குறை என்று நான் சொல்வது இதற்குப் பிந்திய பாதியைத்தான். தளத்தைத் தாக்கி முடித்து, கையில் பிளாஸ்மாவும் நல்ல கவசமும் வந்தபிறகு பிடிக்கும் ஆசையே போய்விடுகிறது. ஒவ்வொரு இனத்திலும் ஒன்றை விசாரித்துவிட்டால் அடுத்ததைப் பிடிப்பதற்கு ஆயுதத்தைத் தவிர வேறு லாபமில்லை, அந்த ஆயுதமும் அப்போது நம்மிடம் குவிந்து கிடக்கும். கைதியைப் பரிமாறிக்கொள்வது, மிரட்டித் தகவல் வாங்குவது, அடைத்து வைத்தவன் தப்பித்து ஓடுவது என்று எதையாவது வைத்திருக்கலாம். முதல் பாதியில் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு செய்த வேலை, கடைசியில் பழைய இரும்புக்கடை கணக்காகிவிடுகிறது.

இதன் மூல ஆட்டம் 1994-இல் மைதோஸ் கேம்ஸ் செய்தது, அதில் ஸ்டன் ராட் என்ற தடியோடு போய் அடிக்க வேண்டும். மயங்கியவன் சண்டை முடிவதற்குள் எழுந்துவிடவும் கூடும், பக்கத்தில் துப்பாக்கி கிடந்தால் முடிந்தது கதை. அந்தப் பயம் புதியதில் இல்லை, விழுந்தவன் விழுந்தவன்தான். இதே எக்ஸ்காம் வரிசையில் 2020-இல் வந்த கைமெரா ஸ்குவாடில் யார் வேண்டுமானாலும் எதிரியை அடித்து மயக்கிக் கைது செய்யலாம், உளவுத் தகவல் பரிசாகக் கிடைக்கும், ஆனால் இவ்வளவு எளிதாக நடக்கும்போது மியூட்டான் முன்னால் நின்ற அந்தப் படபடப்பு வருவதில்லை.

வாங்கலாமா என்றால், தள்ளுபடி வரும்வரை பொறுத்து, எனிமி விதின் என்ற விரிவாக்கத்தோடு சேர்த்து வாங்குங்கள். முதல் தடவை அயர்ன்மேன் என்ற முறைப் பக்கம் போகாதீர்கள், அதில் ஒரே சேவ்தான். சேவிலிருந்து திரும்பி வந்து அதே குறியை மறுபடி சுட்டால் முடிவு மாறும் என்றும் நம்பாதீர்கள், சாதாரணமாக அதே முடிவுதான் வரும், வரிசையை மாற்றி வேறொருவனை முதலில் நகர்த்திப் பாருங்கள். ஆர்க் த்ரோவரை வேகமாக ஓடுகிறவன் கையில் கொடுங்கள், சப்போர்ட் வகைச் சிப்பாய்களில் ஸ்பிரின்டர் என்ற திறமையை எடுத்தவனுக்குக் கூடுதலாக மூன்று கட்டம் ஓட முடியும், பதவி உயர்ந்து டீப் பாக்கெட்ஸ் என்ற திறமையும் வந்துவிட்டால் மருந்துப் பெட்டியையும் விட்டுப்போக வேண்டியதில்லை. முதல் பறக்கும் தட்டு விழுந்த உடனே கன்டெய்ன்மென்ட் அறையைக் கட்ட ஆரம்பித்துவிடுங்கள், பின்னால் அதற்கு மின்சாரம் போதாமல் போனால் ஜெனரேட்டருக்கு இடம் தேடி நிலத்தைத் தோண்டிக்கொண்டிருக்க வேண்டியதுதான்.