தாம்பரம் – பாரிமுனை: மின்சார ரயிலா, ஸ்கூட்டரா?

செலவு: ஸ்கூட்டரில் போக வர ஏறத்தாழ 60 கிலோமீட்டர் ஆகும், லிட்டருக்கு 45 கிலோமீட்டர் ஓடினாலும், பெட்ரோல் 100 ரூபாய் என்று கொண்டால், 25 வேலை நாள்களுக்கு 3,300 ரூபாய் கரைந்துவிடுகிறது. ரயிலின் இரண்டாம் வகுப்பு சீசன் டிக்கெட் சில நூறு ரூபாயைத் தாண்டாது.

தேய்மானம்: மாதம் 1,500 கிலோமீட்டர் ஓடும் வண்டிக்கு ஆயில், பிரேக் ஷூ, டயர் எனச் செலவு தொடரும். ரயிலுக்கு நிலையத்தில் வண்டி நிறுத்தும் கட்டணம் மட்டுமே.

உடல்: கிண்டியிலும் சைதாப்பேட்டையிலும் புகையைச் சுவாசித்து, முதுகுவலியோடு வீடு சேர்வதை யாரும் கணக்கில் எழுதுவதில்லை, எனக்கு அதுவே பெரிய செலவாகப் படுகிறது. ரயில் நெரிசலும் கடுமையானதுதான், ஆனால் தாம்பரத்திலேயே புறப்படும் வண்டியில் உட்கார வாய்ப்புண்டு.

அலுவலகம் கடற்கரை, கோட்டை நிலையங்களிலிருந்து நடக்கும் தூரத்தில் இருப்பவர்களுக்கு ரயிலே ஏற்றது. பகலெல்லாம் கடை கடையாக ஏறி இறங்கும் விற்பனைப் பணியாளருக்கும், கடைசி ரயில் போன பிறகு வேலை முடிபவருக்கும் ஸ்கூட்டரைத் தவிர்க்க முடியாது.