பணம் அக்கவுன்டில் ஏறாமல் செட்டில்மென்ட் வவுச்சரில் கையெழுத்துப் போடாதீர்கள்

கம்பெனி ஆட்டம் கண்டுவிட்டால் எச்ஆரிலிருந்து ஒவ்வொருவராகக் கூப்பிட்டு ஒரு காகிதத்தை நீட்டுவார்கள். அந்தக் காகிதத்தைப் பற்றித்தான் இந்தப் பதிவு. ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர் பக்கம் வேலை பார்ப்பவர்கள் அவசியம் படியுங்கள்.

நான் இருந்தது கார் உதிரிபாகம் செய்யும் பிளான்ட், பிரஸ் ஷாப். முதலில் ஓவர்டைம் பணம் நின்றது. பிறகு சம்பளம் பாதி பாதியாக வந்தது, கடைசியில் அதுவும் இல்லை. கேன்டீனில் பொரியல் நின்று சாம்பார் தண்ணியானபோதே, "இவன் சீக்கிரம் மஞ்சக் கடுதாசி குடுத்துருவான்டா" என்று சீனியர் அண்ணன் ஒருவர் சொன்னார். அப்படியேதான் நடந்தது.

அதற்குக் கொஞ்ச நாள் முன்னால்தான் வவுச்சர் வந்தது. "சம்பள பாக்கி, போனஸ், கிராஜுவிட்டி உட்பட எனக்குச் சேர வேண்டிய அனைத்தையும் பெற்றுக்கொண்டேன், இனி நிறுவனத்தின் மேல் எனக்கு எந்தக் கோரிக்கையும் இல்லை" என்று டைப் செய்து, கீழே ரெவின்யூ ஸ்டாம்ப் ஒட்டி வைத்திருந்தார்கள். தொகை எழுதியிருந்தது. தேதி மட்டும் காலி. "சைன் பண்ணாதான் தம்பி அக்கவுன்ட்ஸ்ல பாஸ் ஆகும், வெள்ளிக்கிழமை கிரெடிட் ஆயிடும்" என்றார் எச்ஆர். கையெழுத்துப் போட்டால்தான் ரிலீவிங் லெட்டர். அது இல்லாமல் பக்கத்து கம்பெனி உள்ளே விடாது. ஷாப் முழுக்கக் கையெழுத்துப் போட்டது. வெள்ளிக்கிழமை வந்தது, பணம் வரவில்லை.

பிறகு கம்பெனிக்குக் கடன் கொடுத்த வங்கி, திவால் வழக்குகளை விசாரிக்கும் என்சிஎல்டி தீர்ப்பாயத்துக்குப் போனது. கம்பெனியை வாங்க ஆள் கிடைக்காமல் கலைப்பு உத்தரவு வந்து, சொத்தை விற்றுப் பங்கிடும் லிக்விடேட்டர் பொறுப்பேற்றார். பாக்கி கேட்டு நாங்கள் கொடுத்த கோரிக்கைகளுக்கு அவரிடமிருந்து வந்த பதில்: "நிறுவனப் பதிவேடுகளின்படி உங்கள் கணக்கு தீர்க்கப்பட்டுவிட்டது." அந்த வவுச்சரை ஸ்கேன் செய்து கூடவே அனுப்பியிருந்தார். காலியாக இருந்த தேதி இப்போது நிரம்பியிருந்தது.

இதில் ஒரு கொடுமை உண்டு. தொழிலாளி கோரிக்கை கொடுக்காவிட்டாலும், கம்பெனிக் கணக்குப் புத்தகத்தை வைத்து லிக்விடேட்டர் அவருடைய பாக்கியை ஏற்கலாம் என்று விதியே இருக்கிறது. எங்களுக்கு உதவ வேண்டிய அந்தப் புத்தகத்தில்தான் எங்கள் கையெழுத்தோடு பாக்கி பூஜ்யம் என்று இருக்கிறது.

மறுத்துவிட்டார்களே என்று விட்டுவிடாதீர்கள். முடிவு கைக்கு வந்த 14 நாளுக்குள் என்சிஎல்டியில் மேல்முறையீடு செய்யலாம். எங்களில் சிலர் சேர்ந்து ஒரு வக்கீலைப் பிடித்து, பேங்க் ஸ்டேட்மென்டைக் கொடுத்தோம். வவுச்சரில் உள்ள தொகை எந்தத் தேதியிலும் வரவு ஆகவில்லை என்பதுதான் எங்கள் ஒரே ஆயுதம். தீர்ப்பாயத்தில் மறுபடி சரிபார்க்கச் சொன்னார்கள், என் கோரிக்கை ஏற்கப்பட்டது. "அப்புறம் பாத்துக்கலாம்" என்று 14 நாளைத் தாண்டவிட்டவர்கள் இன்னும் அலைகிறார்கள்.

ஏற்பு வேறு, பணம் வேறு. மெஷினும் இடமும் விற்றபிறகுதான் பங்கு. 2016 திவால் சட்டத்தின் 53ஆம் பிரிவுப்படி முதலில் கலைப்புச் செலவு போகும். அடுத்த வரிசையில், கலைப்பு உத்தரவுக்கு முந்தைய 24 மாதங்களுக்கான தொழிலாளர் பாக்கியும், அடமானச் சொத்தைத் தனியாக விற்காமல் பொதுக் கணக்கில் விட்டுக்கொடுத்த வங்கியும் சமமாக நிற்கும். ஸ்டாஃப், அதாவது தொழிலாளி வகையில் சேராத ஊழியர் என்றால் அதற்கும் கீழே, 12 மாத பாக்கிதான். உங்களுக்கு எக்சிகியூட்டிவ் என்று பட்டம் கொடுத்திருந்தாலும் பெயரைப் பார்த்து ஏமாறாதீர்கள். என்ன வேலை செய்தீர்கள் என்பதுதான் கணக்கு. இன்னொன்று, அந்த 24 மாதத்தை கலைப்பு உத்தரவிலிருந்து பின்னோக்கி எண்ணுகிறார்கள். கேஸ் இழுத்தால் உங்கள் பழைய பாக்கி அந்த வரம்புக்கு வெளியே போய் வெகு கீழே உள்ள வரிசையில் விழும். ஜெட் ஏர்வேஸ் 2019 ஏப்ரலில் பறப்பதை நிறுத்தியது, உச்ச நீதிமன்றம் கலைக்க உத்தரவிட்டது 2024 நவம்பரில். இழுப்பு என்றால் அப்படி.

பிஎஃப், கிராஜுவிட்டி கதை வேறு. பிஎஃப், பென்ஷன், கிராஜுவிட்டி நிதிப் பணம் கலைப்புச் சொத்தில் சேராது, அதில் வங்கி கை வைக்க முடியாது. உச்ச நீதிமன்றமும் 2022இல் ஏபிஜி ஷிப்யார்ட் ஊழியர் வழக்கில் இதை உறுதி செய்தது. ஆனால் எங்கள் பே-ஸ்லிப்பில் பிஎஃப் பிடித்தம் இருக்கிறது, பாஸ்புக்கில் அந்த மாதங்களே இல்லை. பிடித்துவிட்டுக் கட்டாமல் இருப்பது கிரிமினல் குற்றம். பிஎஃப் ஆபீஸில் புகார் கொடுத்திருக்கிறோம். உங்கள் பாஸ்புக்கை இன்றைக்கே திறந்து பாருங்கள். கம்பெனி மெயிலும் எச்ஆர் ஆப்பும் திறக்கிற காலத்திலேயே பே-ஸ்லிப், அட்டென்டன்ஸ் எல்லாவற்றையும் சொந்த போனில் இறக்கிக்கொள்ளுங்கள். கேட் பூட்டியபிறகு லாகின் வேலை செய்யாது.

அடுத்து ஏஜென்ட். "லிக்விடேட்டர் ஆபீஸ்ல நம்ம ஆளு இருக்காரு" என்று ஒருவர் தலைக்கு 2,000 ரூபாயும், வந்த பணத்தில் பத்து சதவீதமும் பேசினார். என்னோடு இருந்த பலர் கொடுத்தார்கள். கோரிக்கை கொடுக்கக் கட்டணமே கிடையாது. திவால் வாரியத்தின் இணையதளத்தில் கம்பெனி பெயரைப் போட்டுத் தேடினால் அறிவிப்பும் லிக்விடேட்டரின் மெயில் முகவரியும் வந்துவிடும். கம்பெனி இன்னும் மீட்பு நடவடிக்கையில் (வாங்க ஆள் தேடும் கட்டத்தில்) இருந்தால் ஊழியர்களுக்கு ஃபார்ம் டி, கலைப்புக்குப் போய்விட்டால் ஃபார்ம் இ. அந்த ஆள் கலைப்புக் கட்டத்தில் ஃபார்ம் டி-யை நிரப்பி அனுப்பியிருக்கிறார். கலைப்பில் ஃபார்ம் டி வங்கி போன்ற கடன் கொடுத்தவர்களுக்கானது! கலைப்பு தொடங்கியதிலிருந்து 30 நாள்தான் அவகாசம், அது கழிந்தபிறகுதான் விஷயமே தெரிந்தது. தொழிலாளர்கள் எல்லோருக்கும் சேர்த்து ஒரே பிரதிநிதி ஃபார்ம் எஃப்-இல் கொடுக்கவும் வழி உண்டு. உங்களில் படித்த, நம்பிக்கையான ஒரு ஆளை அதற்கு உட்கார வையுங்கள்.

அதே ஏஜென்ட் இப்போது இருங்காட்டுக்கோட்டை பக்கம் வேறொரு கம்பெனி ஆட்களிடம் பேசிக்கொண்டிருப்பதாகக் கேள்வி. வந்தால் அப்பாயின்ட்மென்ட் ஆர்டர் ஒரிஜினலையோ, பிஎஃப் பாஸ்வேர்டையோ, ஓடிபியையோ கொடுக்காதீர்கள். எங்கள் ஆட்கள் சிலருடைய ஒரிஜினல் இன்னும் அவரிடம்தான் இருக்கிறது, போனையும் எடுப்பதில்லை.